நீதியைக் கொஞ்சம் ஓரமா வச்சிட்டுப் படிங்க: கனடா, ஆஸ்திரேலியாவுக்குக் குடியேறுன அம்மாக்களோட பழைய சிறுவர் கதைகள்

இந்த வகை புத்தகத்தைக் கையில எடுத்தீங்கன்னா மூணாவது பக்கத்துலயே கொட்டாவி வரும், அதை முதல்லயே சொல்லிடுறேன். ஒரு அம்மா உக்காந்திருப்பாங்க, சுத்தி நாலு பிள்ளைங்க, அதுல ஒண்ணு "அம்மா, இந்தப் பூச்சி ஏன் இப்படிப் பண்ணுது"ன்னு கேக்கும், அம்மா ரெண்டு பக்கத்துக்குப் பதில் சொல்லிட்டு கடைசில கடவுளோட கருணை, பெரியவங்க பேச்சைக் கேக்கணும், சோம்பலா இருக்கக் கூடாதுன்னு கொண்டு வந்து நிறுத்துவாங்க. நானும் முதல் தடவை அப்படியே மூடி வச்சவந்தான். அப்புறம் அதை எழுதுனவங்களோட வாழ்க்கையைத் தற்செயலா படிச்சிட்டுத் திரும்ப அதே புத்தகத்தைத் திறந்தா, அதே வரி, அதே அம்மா, ஆனா இந்தத் தடவை பாதில வைக்க முடியல.

அதனால இந்த வழிகாட்டில ஒரே விஷயத்தைத்தான் திரும்பத் திரும்பச் சொல்லப் போறேன். இந்தக் கதைகளைத் தனியாப் படிக்காதீங்க. ஒரு பக்கம் கதை, இன்னொரு பக்கம் அதை எழுதுன பொம்பளை அப்போ எங்க இருந்தாங்க, என்ன பாடு பட்டுட்டு இருந்தாங்க, யாரோட மண்ணுல உக்காந்து எழுதுனாங்க, இது ரெண்டும் பக்கத்துல பக்கத்துல இருக்கணும்.

எங்க ஆரம்பிக்கிறதுன்னா சிட்னில ஆரம்பிங்க. 1841ல அங்க "எ மதர்ஸ் ஆஃபரிங் டு ஹர் சில்ட்ரன்"னு ஒரு புத்தகம் அச்சாச்சு, ஒரு தாய் தன் பிள்ளைங்களுக்குத் தர்ற காணிக்கைன்னு அர்த்தம். ஆஸ்திரேலியாவுல வெளியான முதல் சிறுவர் புத்தகம் இதுதான். எழுதுனது யாருன்னு பேரே போடல, நியூ சவுத் வேல்ஸ்ல ரொம்ப காலமா இருக்குற ஒரு சீமாட்டின்னு மட்டும் இருக்கும். கார்டன் பிரெமர்னு ஒரு கடற்படை அதிகாரி, அவரோட பையனுக்குப் புத்தகத்தைக் காணிக்கையாக்கியிருந்ததால அவரோட மனைவிதான் எழுதியிருப்பாங்கன்னு ரொம்ப நாள் ஒரு பேச்சு இருந்துச்சு. 1980 வாக்குலதான் மார்சி மியூர்ங்கிற நூற்பட்டியல் ஆய்வாளர் தேடிப் பிடிச்சு, இது சார்லட் பார்ட்டன் எழுதுனதுன்னு நிலைநாட்டுனாங்க. நூத்து நாப்பது வருஷம் ஒரு நாட்டோட முதல் சிறுவர் எழுத்தாளர் பேரில்லாமயே கிடந்திருக்காங்க.

இப்போ பக்கத்துல வைக்க வேண்டிய வாழ்க்கை. சார்லட் 1796ல இங்கிலாந்துல பொறந்தவங்க, பிறந்த வீட்டுப் பேரு வேரிங். 1826ல ஒரு பெரிய குடும்பத்துப் பிள்ளைங்களுக்குப் பாடம் சொல்லித் தர்ற வேலைக்காகக் கப்பல் ஏறி சிட்னி வந்தாங்க, வர்ற வழில கப்பல்லயே ஜேம்ஸ் அட்கின்சன்ங்கிற பண்ணைக்காரரைச் சந்திச்சு 1827ல கல்யாணம். சட்டன் ஃபாரஸ்ட் பக்கம் ஓல்ட்பரின்னு ஒரு பண்ணை, நாலு பிள்ளைங்க. 1834ல கடைசிப் பிள்ளை கைக்குழந்தையா இருக்குறப்பவே புருஷன் இறந்து போயிட்டாரு. 1836ல பண்ணையைப் பாத்துக்கிட்டிருந்த ஜார்ஜ் பார்ட்டனைக் கட்டிக்கிட்டாங்க, அந்த ஆளு குடியும் அடிதடியும்னு ஆகி, கடைசில பிள்ளைங்களைக் கூட்டிக்கிட்டு மலை பள்ளத்தாக்கெல்லாம் இறங்கி ஷோல்ஹேவன் பக்கம் பட்ஜாங்ங்கிற எடத்துக்கு ஓட வேண்டியதாப் போச்சு. அதோட விட்டுச்சான்னா இல்ல. முதல் புருஷனோட சொத்தை நிர்வாகம் பண்ணவங்க பிள்ளைங்களையே இவங்க கிட்ட இருந்து பிரிச்சு வேற எடத்துல விடப் பாத்தாங்க, கேஸ் சிட்னி உச்ச நீதிமன்றம் வரைக்கும் போச்சு, 1841ல பிள்ளைங்க அம்மா கூடத்தான் இருக்கணும்னு தீர்ப்பு வந்துச்சு.

1841, புத்தகம் வந்த வருஷமும் அதேதான். இவங்க நல்ல தாய் இல்லன்னு கோர்ட்டுல பேசப்பட்டுக்கிட்டிருந்த காலம், அதே காலத்துல நிதானமா, எதுக்கும் பதறாம, எந்தக் கேள்வி கேட்டாலும் பதில் வச்சிருக்குற மிசஸ் சாவில்னு ஒரு அம்மாவைப் பேப்பர்ல உருவாக்குறாங்க. அந்த மிசஸ் சாவிலுக்கு எத்தனை பிள்ளைங்க? கிளாரா, எம்மா, ஜூலியஸ், லூசி. மூணு பொண்ணு ஒரு பையன். சார்லட்டுக்கும் மூணு பொண்ணு ஒரு பையன்தான். இதைத் தெரிஞ்சிக்கிட்டு அந்த உரையாடலைப் படிங்க, "அம்மா சொல்றாங்க கேட்டுக்கோ"ங்கிற தொனி வேற மாதிரி கேக்கும், ஏதோ ஜட்ஜுக்கும் சேர்த்துச் சொல்ற மாதிரி. இது என்னோட ஊகம்தான், அவங்க அப்படி எங்கயும் எழுதி வைக்கல.

படிக்கும்போது ஒரு சின்ன வேலை பண்ணுங்க. யார் கேள்வி கேக்குறாங்க, யார் பதில் சொல்றாங்க, யாரு வாயே திறக்கலன்னு பென்சில்ல ஓரத்துல குறிச்சிக்கிட்டே போங்க. அப்பா எங்க இருக்காரு? வேலைக்காரங்க பேசுறாங்களா? அந்த மண்ணோட சொந்தக்காரங்க பேசுறாங்களா, இல்ல அவங்களைப் பத்தி மத்தவங்க பேசுறாங்களா? பத்துப் பக்கத்துக்குள்ள உங்களுக்கே ஒரு படம் கிடைச்சுடும்.

இந்தக் கேள்வி பதில் வடிவம் ஏன் இப்படி இருக்குன்னும் கொஞ்சம் தெரிஞ்சுக்கணும். இது இவங்க கண்டுபிடிச்சது இல்ல, இங்கிலாந்துல இருந்து பெட்டிக்குள்ள வச்சு கொண்டு வந்தது. சாரா டிரிம்மர் 1786லயே பறவைக் குடும்பத்தை வச்சு நீதிக்கதை எழுதிட்டாங்க, மரியா எட்ஜ்வொர்த் 1796ல பிள்ளைங்களுக்கான கதைத் தொகுப்பு போட்டாங்க, இதையெல்லாம் படிச்சு வளர்ந்த பொண்ணுங்கதான் பின்னாடி கப்பல் ஏறுனது. போன எடத்துல பள்ளிக்கூடம் பக்கத்துல கிடையாது, அம்மாதான் வாத்தியார், அதனால கதையும் பாடமும் ஒண்ணா ஆயிடுச்சு. நம்ம ஆத்திசூடி ஒத்த வரில முடிக்கிறதை இவங்க இருபது பக்கத்துக்கு இழுப்பாங்க, ஆனா அந்த இருபது பக்கத்துல பத்தொன்பது பக்கம் வேற ஏதோ சொல்லும். அந்தப் பத்தொன்பதுதான் நமக்கு வேணும்.

அதுக்கு ஒரு வழி இருக்கு, நோட்டுல நடுவுல ஒரு கோடு போட்டு இடது பக்கம் அறிவுரை, வலது பக்கம் தகவல்னு எழுதிக்கிட்டே படிக்கிறது. இதுக்கு ரொம்ப தோதானவங்க கனடாவோட கேத்தரின் பார் டிரெய்ல். 1802ல லண்டன்ல பொறந்து சஃபோக் கிராமப்புறத்துல வளர்ந்தவங்க, ஸ்ட்ரிக்லேண்ட் குடும்பம், வீட்டுல கிட்டத்தட்ட எல்லாரும் எழுதுற குடும்பம்னே சொல்லலாம், தங்கச்சி சுசானா மூடியும் பெரிய எழுத்தாளர். 1818ல அப்பா இறந்ததுக்கு அப்புறம் பணத்துக்கு எழுத வேண்டிய நெலமை, பதின்ம வயசுலயே சிறுவர் கதை எழுத ஆரம்பிச்சுட்டாங்க. 1822ல ஒரு வயல் எலியோட வாழ்க்கையைக் கதையாக்கி "லிட்டில் டவுனி"ன்னு ஒண்ணு, அதோட துணைத்தலைப்புலயே நீதிக்கதைன்னு இருக்கும். 1832ல புருஷனோட அப்பர் கனடாவுக்குக் குடியேறுனாங்க, இப்போ ஒன்டாரியோன்னு சொல்ற எடம். ஒன்பது பிள்ளைங்க பெத்தாங்க, ரெண்டு பச்சக் குழந்தையிலயே போயிடுச்சு. கடன், புருஷனுக்கு மனச்சோர்வு, 1857ல ரைஸ் லேக் பக்கத்துல இருந்த வீடு தீப்பிடிச்சு எரிஞ்சுது, ரெண்டு வருஷத்துல புருஷனும் இறந்தாரு. இவ்வளவுக்கு நடுவுல எழுதுறதை நிறுத்தல, 1895ல தொண்ணூத்தி மூணு வயசுலயும் பிள்ளைங்களுக்கு "காட் அண்ட் கிரேடில் ஸ்டோரீஸ்"னு ஒரு தொகுப்பு போட்டாங்க. 1899ல லேக்ஃபீல்டுல இறந்தாங்க.

இவங்களோட "கனேடியன் குரூசோஸ்" 1852ல வந்துச்சு. மூணு பிள்ளைங்க, ஹெக்டர், லூயி, கேத்தரின், காட்டுக்குள்ள போனவங்க வழி தப்பி ரைஸ் லேக் பக்கம் மாட்டிக்கிறாங்க, வருஷக்கணக்குல அங்கயே பொழைக்கிறாங்க. என் நோட்டுல இடது பக்கம் நாலஞ்சு வரிதான் வந்துச்சு: ஜெபம் பண்ணு, சண்டை போடாதே, சோர்ந்து போகாதே, அவ்வளவுதான். வலது பக்கம் பக்கம் பக்கமா போகுது, எந்தப் பழம் திங்கலாம், குடிசை எப்படி கட்டுறது, மீன் எப்படி புடிக்கிறது, குளிருக்கு முன்னாடி என்னத்தச் சேத்து வைக்கணும், எந்தச் செடி எங்க மொளைக்கும். ஏன்னா டிரெய்ல் அடிப்படையில ஒரு தாவர ஆர்வலர், பின்னாடி 1885ல கனடாத் தாவரங்களைப் பத்தித் தனிப் புத்தகமே போட்டவங்க. அதோட காட்டுல பிள்ளை தொலைஞ்சு போறதுங்கிறது அங்க குடியேறுன அம்மாக்களுக்குக் கற்பனை பயம் இல்ல, வீட்டுக்குப் பின்னாடி நாலடி வச்சா காடு. "சொல் பேச்சு கேளு"ங்கிறது அந்த எடத்துல வெறும் ஒழுக்கம் இல்ல, உயிர் சமாச்சாரம். சொல்லப்போனா அவங்க 1854ல பெரியவங்களுக்கு எழுதுன "தி ஃபீமேல் எமிக்ரண்ட்ஸ் கைடு"ல, ஆபத்து வந்தா கையைக் கட்டிக்கிட்டு அழுதுட்டு உக்காராதீங்க, எழுந்து ஏதாவது செய்யுங்கன்னு சொல்ற எடம் ஒண்ணு இருக்கு. ரெண்டையும் அக்கம் பக்கமா வச்சா சிறுவர் கதையும் பெரியவங்களுக்கான கையேடும் ஒரே குரல்ல பேசும்.

அடுத்தது எழுதுனவங்க உண்மையிலயே அந்த எடத்தைப் பாத்தாங்களான்னு சோதிக்கிறது. இதை நெறைய பேர் விட்டுடுறாங்க. டிரெய்ல் 1826லயே "தி யங் எமிக்ரண்ட்ஸ்"னு கனடாவுக்குக் குடியேறுற குடும்பத்தைப் பத்தி ஒரு புத்தகம் எழுதியிருக்காங்க, அப்போ அவங்க கனடா மண்ணை மிதிக்கவே இல்ல, ஆறு வருஷம் கழிச்சுத்தான் போறாங்க! போய் அனுபவப்பட்டு எழுதுன "தி பேக்வுட்ஸ் ஆஃப் கனடா" 1836ல வந்துச்சு. இது ரெண்டையும் எடுத்து குளிர், சேறு, கொசு, வழி, சாப்பாடு பத்தின எடத்தை மட்டும் ஒப்பிட்டுப் பாருங்க. நியூசிலாந்துலயும் இதே கதைதான், 1862ல இசபெல்லா அய்ல்மர்ங்கிறவங்க எழுதுன "டிஸ்டன்ட் ஹோம்ஸ்" அந்த நாட்டைப் பத்தின முதல் சிறுவர் நாவல்னு சொல்லப்படுது, எழுதுனவங்க நியூசிலாந்து போனதே கிடையாது. ஆனா லேடி பார்க்கர் 1865ல இருந்து மூணு வருஷம் கேன்டர்பரில ஆட்டுப் பண்ணைல இருந்தவங்க, 1867 பனிப்புயல்ல பாதிக்கு மேல ஆடு செத்ததைக் கண்ணால பாத்தவங்க, அந்த எழுத்துல இருக்குற ஈரம் வேற. போகாம எழுதுனதைத் தூக்கி எறியச் சொல்லல, இங்கிலாந்துல இருந்தவங்க அந்த நாட்டை எப்படி கனவு கண்டாங்கன்னு தெரிஞ்சுக்க அதுதான் நல்ல ஆதாரம். ஆனா எது கனவு எது சேறுன்னு தெரியாம மேற்கோள் காட்டாதீங்க.

இப்போ கஷ்டமான பகுதி. இந்தக் கதைல எல்லாம் காடு காலியா இருக்குற மாதிரியே இருக்கும், ஆனா காலியா இல்ல. ரைஸ் லேக் சுத்துவட்டாரம் மிசிசாகா அனிஷினாபேங்கிற பூர்வகுடி மக்களோட மண்ணு, 1818ல போட்ட ஒப்பந்தம் மூலமா அது அரசு கைக்குப் போச்சு, அதுக்கு அப்புறம்தான் ஸ்ட்ரிக்லேண்ட் குடும்பம் மாதிரி ஆளுங்களுக்கு நிலம். சார்லட் பக்கம் இன்னும் மோசம், 1838 ஜூன்ல நியூ சவுத் வேல்ஸ்ல மயால் கிரீக்ங்கிற எடத்துல குறைஞ்சது இருபத்தெட்டு பூர்வகுடி மக்களை, அதுல பொம்பளைங்களும் குழந்தைங்களும் சேர்த்து, வெட்டிக் கொன்னாங்க, அந்த வருஷக் கடைசில அதைச் செஞ்சவங்கள்ல ஏழு பேரைத் தூக்குல போட்டாங்க, காலனி முழுக்க அதே பேச்சு. மூணு வருஷம் கழிச்சு வந்த இந்தச் சிறுவர் புத்தகத்துல பூர்வகுடிகளைப் பத்தி ஒரு தனிப் பகுதியே இருக்கு, படிக்க நெஞ்சு கனக்கும், இன்னைக்கு ஒரு குழந்தை கைல அப்படியே கொடுக்க முடியாது. கப்பல் உடைஞ்ச கதைகளும் அதுல இருக்கு, 1834ல டோரஸ் நீரிணைல உடைஞ்ச சார்லஸ் ஈட்டன் கப்பல் ஒண்ணு. நெறைய பேர் கொல்லப்பட்டது உண்மை, அதே நேரம் உயிர் தப்பிய ஜான் அயர்லாந்துங்கிற கப்பல் பையனையும் வில்லியம் டாய்லிங்கிற சின்னக் குழந்தையையும் மெர் தீவு மக்கள்தான் சொந்தப் பிள்ளைங்க மாதிரி வளர்த்து, 1836ல தேடி வந்த கப்பல் கிட்ட ஒப்படைச்சாங்க, அதுவும் பதிவுல இருக்கு. கதைல எந்தப் பாதிக்கு எத்தனை பக்கம் ஒதுக்கியிருக்காங்கன்னு எண்ணுங்க, நெசமாவே எண்ணுங்க.

"கனேடியன் குரூசோஸ்"லயும் இது மாதிரி ஒரு எடம் இருக்கு. பிள்ளைங்க மோஹாக்ங்கிற பூர்வகுடி இனத்துப் பொண்ணு ஒருத்தியைக் காப்பாத்துவாங்க, அவளுக்கு இந்தியானான்னு பேரு வைப்பாங்க, சொந்தப் பேரு போயிடும். அதுக்கப்புறம் அவங்க பொழைக்கிறதே பெரும்பாலும் அவ சொல்லிக் கொடுக்குற வித்தைலதான், ஆனா கதை நீதி சொல்றப்போ இவங்கதான் அவளுக்குக் கடவுளைக் கத்துக் கொடுத்தாங்கன்னு சொல்லும். யார் யாருக்கு என்ன கத்துக் கொடுத்தாங்கன்னு ரெண்டு பட்டியல் போட்டுப் பாருங்க, எந்தப் பட்டியல் நீளம்னு உங்களுக்கே தெரியும். இதுக்காக டிரெய்லை வில்லியாக்க வேண்டாம். அந்தக் காலத்து மத்தவங்களை விட அவங்க அக்கறையா கவனிச்சவங்க, கவனிச்சதாலதான் அந்த வித்தையெல்லாம் புத்தகத்துல இருக்கு.

புத்தகம் எங்க கிடைக்கும்னா எல்லாமே காப்புரிமை முடிஞ்சது, காசு கொடுக்க வேண்டியதில்ல. டிரெய்லோடது பல புத்தகம் ப்ராஜெக்ட் குட்டன்பெர்க்லயும் இன்டர்நெட் ஆர்க்கைவ்லயும் கிடைக்கும். ஆஸ்திரேலியா சம்பந்தப்பட்டதுக்கு அவங்க தேசிய நூலகத்தோட ட்ரோவ் தளம், நியூசிலாந்து பழைய செய்தித்தாளுக்கு பேப்பர்ஸ் பாஸ்ட். தேடும்போது பொம்பளை எழுத்தாளருக்குப் பேரு ஒண்ணு மட்டும் இல்லங்கிறதை மறக்காதீங்க, சார்லட்டையே வேரிங், அட்கின்சன், பார்ட்டன்னு மூணு பேருலயும் தேடணும், "ஒரு சீமாட்டி"ன்னும் தேடணும். தலைப்பும் மாறும், "கனேடியன் குரூசோஸ்" பின்னாடி "லாஸ்ட் இன் தி பேக்வுட்ஸ்"னு வேற தலைப்புல வந்துச்சு, ரெண்டையும் வேற வேற புத்தகம்னு நெனச்சு நான் ஒரு வாரம் வீணாக்கியிருக்கேன். முடிஞ்சா பழைய பதிப்போட ஸ்கேனையே பாருங்க, முன்னுரையும் பின்னிணைப்பும் புதுப் பதிப்புல காணாமப் போறது உண்டு, சில சமயம் கதையை விட அதுதான் ருசி.

தமிழ்ல மொழிபெயர்க்கவோ பிள்ளைங்களுக்கு வாய்விட்டுச் சொல்லவோ நெனச்சா சில கண்ணி இருக்கு. ரைஸ் லேக்னு பாத்ததும் வயல், நாத்துன்னு கை தானா எழுதிடும், ஆனா அது நம்ம நெல்லே இல்ல, ஏரித் தண்ணிக்குள்ள தானா வளர்ற வேற புல்லு, அனிஷினாபே மக்கள் மனோமின்னு சொல்லுவாங்க, படகுல போய் கதிரை வளைச்சுக் குச்சியால தட்டிப் படகுக்குள்ளயே உதிர்ப்பாங்க. ஆஸ்திரேலியா, நியூசிலாந்து கதைல ஸ்டேஷன்னா ரயில் நிலையம் இல்ல, ஆட்டுப் பண்ணை. புஷ்னா புதர் இல்ல, காடு. கனடா கதைல வர்ற ராபின் இங்கிலாந்து ராபின் இல்ல, சிவப்பு நெஞ்சைப் பாத்துட்டு ஊரு ஞாபகத்துல குடியேறுனவங்க வச்ச பேரு, வேற பறவை அது. செவ்விந்தியர்ங்கிற வார்த்தையை விட்டுட்டு அந்தந்த மக்களோட பேரையே போடுங்க, பழைய வரியை அப்படியே எடுத்துக் காட்டுற எடத்துல மட்டும் அந்தக் காலத்துச் சொல் இருக்கட்டும், அதையும் மறைச்சுட்டா அதுவும் ஒரு பொய்தான்.

சின்னப் பிள்ளைங்களுக்குன்னா 1856ல டிரெய்ல் எழுதுன "லேடி மேரி அண்ட் ஹர் நர்ஸ்"ல ஆரம்பிக்கலாம், ஒரு கவர்னர் பொண்ணுக்கு வீட்டுச் செவிலி சொல்ற காட்டுக் கதைங்க, அணில் குடும்பம் வர்ற பகுதி இன்னைக்கும் ஓடும். பேச்சு நீளமா இருக்குற எடத்தை வெட்டுங்க, அணிலை வெட்டாதீங்க. "இதுல இருந்து என்ன தெரியுது"ன்னு கடைசில கேக்காதீங்க, அந்த அணிலு எந்த மரத்துல கூடு கட்டுச்சுன்னு கேளுங்க, அவங்க அதைத்தான் ஞாபகம் வச்சிருப்பாங்க.

பெரியவங்க நீங்க முடிச்சதும் சார்லட் புத்தகத்துக்கு இன்னொரு தடவை போங்க, இந்தத் தடவை லூசி பேசுற எடத்தை மட்டும் தனியா எடுத்துப் படிங்க. அப்பா சாகும்போது கைக்குழந்தையா இருந்தாங்கன்னு சொன்னேனே, அந்தக் கடைசிப் பொண்ணு பேரு கேரலின் லூயிசா. புத்தகம் வந்தப்போ ஏழு வயசு. பின்னாடி ஆஸ்திரேலியாவுல பொறந்து நாவல் வெளியிட்ட முதல் பொம்பளை ஆனாங்க, 1857ல, செடி கொடி சேகரிச்சு தாவரவியலாளர்களுக்கு அனுப்புனாங்க, அட்கின்சோனியான்னு ஒரு செடியினத்துக்கே அவங்க பேரு வச்சிருக்கு. புத்தகத்துல லூசி கேக்குற கேள்வியைப் படிக்கும்போது பக்கத்துல அந்த ஏழு வயசுப் பொண்ணு உக்காந்திருக்கான்னு வச்சுக்கிட்டுப் படிச்சுப் பாருங்க.